பத்தரை மணிக் கையெழுத்து

சென்னையில் சட்டத்தை ஓர் எழுத்து விடாமல் மதித்து நடந்தவர் ஒரே ஒருவர்தான். அவர் ஒரு கொலை வழக்கின் ஐந்தாம் எதிரி.

எதிரி என்றதும் பயந்துவிடாதீர்கள். குற்றம் சாட்டப்பட்டவரைக் கோர்ட்டுத் தமிழில் அப்படித்தான் சொல்வோம். நாற்பது வருஷத்துக்கு மேல் கறுப்புக் கோட்டு போட்டவன் நான். நீதிபதிகள், போலீஸ் அதிகாரிகள், என்னைப் போன்ற வக்கீல்கள் என்று சட்டத்தோடு குடித்தனம் நடத்தியவர்களைப் பக்கத்தில் இருந்து பார்த்திருக்கிறேன். ஒருவர்கூட இவருடைய கால் தூசுக்கு வர மாட்டார். அந்தக் காலைப் பற்றிப் பிறகு சொல்ல வேண்டியிருக்கிறது.

ஞானஸ்நானத்தில் வைத்த பெயர் ஒன்று அவருக்கு இருந்தது. அது வழக்குக் கட்டின் மேலட்டையோடு நின்றுவிட்டது. பட்டினப்பாக்கத்திலிருந்து லஸ் முனை வரை எல்லோருக்கும் அவர் ‘பத்தரை’. தினமும் காலை பத்தரை மணிக்குக் காவல் நிலையத்தில் கையெழுத்துப் போடுகிறவர் என்பதால் வந்த பெயர். மற்ற நேரமெல்லாம் கட்டம் போட்ட லுங்கியும் வெற்று மார்புமாக இருப்பவர், இதற்கென்று ஒரு வெள்ளைச் சட்டை வைத்திருந்தார். பெயர் ‘கையெழுத்துச் சட்டை’. கல்யாணத்துக்கோ கோயிலுக்கோ அதைப் போட மாட்டார். அவர் அந்தச் சட்டையில் தெருவைக் கடக்கும்போது டீக்கடைக்காரர் இரண்டாவது பாலை அடுப்பில் ஏற்றுவார். “பேங்க் தெறந்தாச்சா?” என்று யாராவது கேட்டால், “பத்தரை இன்னும் போவலியே!” என்று பதில் வரும்.

வழக்கு இதுதான். கடலில் வலை அறுந்ததில் இரண்டு குப்பங்களுக்குள் தகராறு. கரைக்கு வந்ததும் அது கைகலப்பாயிற்று. யாரோ வீசிய கட்டை ஓர் இளைஞனின் தலையில் பட்டு, மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் அவன் இறந்துபோனான். ஏழு பேர் மேல் கொலை வழக்கு. பத்தரை ஐந்தாவது, போலீஸ் காகிதத்தில் ‘ஏ-ஃபைவ்’. முதல் தகவல் அறிக்கையில் அவரைப் பற்றி ஒரே ஒரு வரி: ‘கையில் துடுப்புடன் நின்றிருந்தார்.’ அடித்தார் என்று இல்லை. அடிக்கவில்லை என்றும் இல்லை.

அவர் மனைவி மேரி என் அலுவலகத்துக்கு வந்தபோது நான் அவளிடம் ஒன்றைத் தெளிவாகச் சொன்னேன். வாசகர்களுக்கும் சொல்லிவிடுகிறேன். ஜாமீன் மனுவில், கொலை செய்தானா இல்லையா என்று நீதிபதி தீர்ப்புச் சொல்வதில்லை. அது விசாரணையின் வேலை. இங்கே பார்ப்பது வேறு. குற்றம் எவ்வளவு கடுமையானது, மேலோட்டமாகப் பார்த்தால் இந்த ஆளின் பங்கு என்ன, வெளியே விட்டால் ஓடிவிடுவானா, சாட்சிகளைக் கலைப்பானா, கூப்பிட்டால் வந்து நிற்பானா. இவ்வளவுதான். கொலை வழக்கில் முதல் மனு பெரும்பாலும் தள்ளுபடிதான் ஆகும், பிறகு சூழ்நிலை மாறினால் மறுபடி போடலாம் என்றேன். அப்படியே நடந்தது. விசாரணை ஆரம்ப நிலையில் இருக்கிறது, சாட்சிகள் அதே குப்பத்தில் வசிக்கிறார்கள் என்று நாலு வரியில் முதல் மனு தள்ளுபடியாயிற்று.

அந்த மனுவுக்கு முன்பு, வக்காலத்தில் கையெழுத்து வாங்கப் புழல் சிறைக்குப் போனபோதுதான் அவரை முதன்முதலாகப் பார்த்தேன். அழவில்லை. நான் நிரபராதி என்று சொல்லவில்லை. கம்பிக்கு அந்தப் பக்கத்திலிருந்து ரகசியம் சொல்வதுபோலச் சொன்னார்:

“சார், நான் வேளாங்கண்ணி அம்மாவுக்கு நேர்ந்துக்கினேன். பெயிலு கெடச்சா பட்டினப்பாக்கத்துலேர்ந்து நடந்தே வரேன்னு சொல்லிட்டேன். நீங்க பயப்படாம வாதாடுங்க. அம்மா பாத்துக்குவாங்க.”

வக்கீலுக்குத் தைரியம் சொன்ன முதல் கட்சிக்காரர் அவர்தான்.

முதல் மனு போய் இரண்டு மாதம் கழித்து, சாட்சிகளின் வாக்குமூலம் எல்லாம் பதிவான பிறகு, இரண்டாவது மனு போட்டேன். செஷன்ஸ் நீதிபதி ஓர் அம்மையார். கண்ணாடிக்கு மேலாகப் பார்த்துக் கேள்வி கேட்பவர். அரசு வக்கீல் எழுந்து, “யுவர் ஆனர், இவருக்குச் சொந்தப் படகு இருக்கு. தப்பிச்சுப் போக வாய்ப்பு அதிகம்” என்றார்.

நீதிபதி என்னைப் பார்த்தார். “கடல்ல கெளம்பிட்டா எந்த போலீஸ் ஜீப் பின்னாடி போகும், கவுன்சல்?”

“படகு இருக்கு, யுவர் ஆனர். மோட்டார் ரிப்பேர்.”

கோர்ட்டு சிரித்தது. அடுத்து அரசு வக்கீல், முக்கிய சாட்சியான ஸ்டெல்லாவின் வீடும் எதிரியின் வீடும் ஒரே சுவர் என்றார். எனக்கு அன்று உற்சாகம் அதிகம். “ஒரே சுவர்தான். இந்த ரெண்டு மாசமா அந்த சாட்சிக்கு இவர் மனைவிதான் லாரித் தண்ணி பிடிச்சுக் கொடுக்கறாங்க. அவ்வளவு சுமுகம்” என்றேன்.

அரசு வக்கீல் துள்ளி எழுந்தார். “இதைத்தான் சொல்றேன், யுவர் ஆனர்! இப்பவே சாட்சியைக் கலைக்கிறாங்க! குடம் குடமாக் கலைக்கிறாங்க!”

இந்த முறை கோர்ட்டு என்னைப் பார்த்துச் சிரித்தது. கடைசி பெஞ்சில் இறந்துபோன பையனின் தாய் உட்கார்ந்திருந்தாள். அவள் சிரிக்கவில்லை. அவளைப் பார்த்ததும் எனக்கும் சிரிப்பு நின்றது. குரலைத் தாழ்த்தி, துடுப்புடன் நின்றார் என்பதைத் தவிர இவர் மேல் எதுவும் இல்லை, முன்பு எந்த வழக்கும் இல்லை, பிறந்த நாளிலிருந்து ஒரே கரையில் வாழ்கிறவர் என்று சொல்லி முடித்தேன். “இருக்கச் சொன்ன இடத்தை விட்டு இந்த மனிதர் அசைய மாட்டார், யுவர் ஆனர். அதற்கு நான் பொறுப்பு.”

வாதத்துக்காகச் சொன்ன வாக்கியம். அது இவ்வளவு உண்மையாகும் என்று எனக்குத் தெரியாது.

ஜாமீன் கிடைத்தது. நிபந்தனைகள் மூன்று. தினமும் காலை பத்தரைக்குக் காவல் நிலையத்தில் கையெழுத்து. சென்னையை விட்டு வெளியே போகக் கூடாது. சாட்சிகளை நேராகவோ மறைமுகமாகவோ அணுகக் கூடாது. எல்லாம் மறு உத்தரவு வரும் வரை.

வெளியே வந்த அன்றே என் வீட்டு வாசலில் நின்றார். நிபந்தனைகளை ஒவ்வொன்றாக விளக்கினேன். இரண்டாவதைக் கேட்டதும் அவர் முகம் தொங்கிப்போயிற்று.

“வேளாங்கண்ணி மெட்ராஸ்ல வராதே சார்.”

“வராது.”

“பெயிலு கெடச்சா நடந்து வரேன்னு சொன்னேன். பெயிலு கெடச்சதால போவ முடியாதுன்றீங்களே. அம்மாகிட்ட இன்னா சொல்றது?”

“கொஞ்ச நாள் போகட்டும். தளர்த்தச் சொல்லி மனு போடலாம். பாக்கலாம்.”

“பெசன்ட் நகர்லயும் அதே அம்மாதான் இருக்காங்க, அங்கே நடந்து போகலாமே” என்று உள்ளிருந்து என் மனைவி யோசனை சொன்னாள். அவர் தலையாட்டினார். “கீறாங்க மாமி. ஆனா நான் மனு போட்டது அங்க. ஒரு கோர்ட்டுல போட்ட மனுவுக்கு இன்னொரு கோர்ட்டுல போய் ஆர்டர் வாங்க முடியுமா? நீங்களே சொல்லுங்க சார்.”

அதிகார வரம்பைப் பற்றி அதைவிடத் தெளிவாக எந்த வக்கீலும் பேசிக் கேட்டதில்லை.

அவருடைய அடுத்த சந்தேகம்: “கடலு மெட்ராஸ்ல வருமா சார்?”

எனக்குக் கோர்ட்டுக்கு நேரமாகிக்கொண்டிருந்தது. “லைட்ஹவுஸ் கண்ணுக்குத் தெரியற வரைக்கும் மெட்ராஸ்தான்யா” என்றேன்.

“தெக்கால எது வரிக்கும்?”

“திருவான்மியூர் பஸ் ஸ்டாண்டு.”

வேடிக்கையாகச் சொன்ன பதில்கள். அவர் போன பிறகு என் மனைவி கேட்டாள்: “ஏன்னா, அவர்கிட்ட விளையாட்டாப் பேசலாமோ? மனசுல எழுதிண்டு போறாப்ல கேட்டுண்டு நின்னார்.”

அவள் சொன்னதுதான் சரி. அன்றிலிருந்து அவர் படகு கலங்கரை விளக்கம் மறையும் தூரத்துக்குப் போனதில்லை. கூடப் போகிறவர்கள் ஆழத்தில் வஞ்சிரம் பிடித்து வருவார்கள். இவர் கரையோரத்தில் கிடைக்கும் கவலை மீனும் நெத்திலியுமாகத் திரும்புவார். கேட்டால், “அதுக்கு மேல போனா கோர்ட்டு அவமதிப்பு, நைனா” என்பார். சென்னை மாநகரம் தெற்கே எத்தனையோ மைல் நீண்டுகொண்டே போயிற்று. இவருக்கு மட்டும் அது திருவான்மியூர் பஸ் ஸ்டாண்டோடு முடிந்தது.

மூன்றாவது நிபந்தனைதான் அமர்க்களம். ஸ்டெல்லா மீன் விற்பவள், கணீரென்ற குரல், பேசாமல் அரை மணி இருக்க முடியாதவள். இவரோ அவள் நிழல் பட்டாலே ஒதுங்குவார். ஒரு நாள் அவள் வீட்டில் காஸ் கசிந்திருக்கிறது. நேராகச் சொன்னால் நேர்முகம். மேரியிடம் சொல்லி அனுப்பினால் மறைமுகம். யோசித்துவிட்டு, வாசலில் ஏற்றி வைத்திருந்த படகைப் பார்த்துக் கத்தினாராம்:

“ஏய் போட்டு! பக்கத்து ஊட்டுல கேஸு லீக் ஆவுது, மூக்கு இல்லியா உனக்கு?”

உள்ளிருந்து ஸ்டெல்லா: “போட்டுக்கு மூக்கு கீது அண்ணே, எனக்குத்தான் ஜலதோஷம்!”

சாட்சி பதில் பேசிவிட்டாள்! பத்தரை இரண்டு காதையும் பொத்திக்கொண்டு கடலை நோக்கி ஓடினார். பிறகு வழக்கு விசாரணையில் அரசு வக்கீல் ஸ்டெல்லாவிடம், “எதிரி உன்னை மிரட்டினாரா?” என்று கேட்டார். “பேசவே மாட்டேன்றாரு சார், எங்க மெரட்றது? ஒரு வாட்டி போட்டைத்தான் மெரட்னாரு” என்றாள்.

காவல் நிலையத்தில் அவர் ஓர் உத்தியோகஸ்தர் மாதிரி ஆகிவிட்டார். பதிவேடுகளைப் பார்த்துக்கொள்ளும் ரைட்டர் லீவு போட்டால், கையெழுத்து நோட்டு எந்த அலமாரியில் இருக்கிறது என்று புதியவருக்கு எடுத்துச் சொல்பவர் இவர்தான். ஆறாவது வருஷம் புதிதாக வந்த இன்ஸ்பெக்டர், வெள்ளைச் சட்டையும் பேனாவுமாக நின்றவரைப் பார்த்து மரியாதையாகவே கேட்டிருக்கிறார்.

“இங்க எத்தனை வருஷமா இருக்கீங்க?”

“ஆறு வருஷம் சார்.”

“என்ன போஸ்ட்டு?”

“ஏ-ஃபைவ் சார்.”

அந்தப் பெரிய வெள்ளத்தின்போது மீனவர்கள் படகுகளை ஊருக்குள் கொண்டுவந்து ஜனங்களை மீட்டார்கள் அல்லவா? இவரும் போனார். அடையாற்றங்கரையில் ஒரு மொட்டை மாடியில் நின்ற குடும்பத்திடம், “கொஞ்சம் குந்திக்கினு இருங்க, கையெழுத்து போட்டுட்டு ஓடியாரேன்” என்று சொல்லிவிட்டுப் படகைத் திருப்பினார். காவல் நிலையத்தில் இடுப்பளவு தண்ணீர், ஆளில்லை. ரைட்டரின் வீட்டைத் தேடிப் போய், அவரைப் படகில் ஏற்றி வந்து, அலமாரியைத் திறக்கச் சொல்லி, கையெழுத்துப் போட்ட பிறகுதான் மொட்டை மாடிக்குத் திரும்பினார். அவர்கள் அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்களாம். இவர் கவலை வேறு. “சார், மணி பதினொண்ணேகால் ஆயிடுச்சி. ஜட்ஜு கோச்சிக்குவாங்களா?” என்று எனக்குப் போன் செய்தார்.

கொரோனா ஊரடங்கில் ஒரு சாலைத் தடுப்பில் போலீஸ்காரர் மறித்தார். “எங்கய்யா போறே?” “ஸ்டேஷனுக்கு சார்.” “எதுக்கு?” “கொல கேசு.” போலீஸ்காரர் இரண்டடி பின்னால் போய் வழிவிட்டார். மொத்தச் சென்னையும் வீட்டில் அடைந்து கிடந்தபோது, வெளியே நடமாட அசைக்க முடியாத காரணம் வைத்திருந்தவர் இவர்தான்.

இவ்வளவும் சொல்லிச் சிரிக்க வைத்துவிட்டேன். இனிமேல் சொல்லப்போவதைச் சொல்வதற்குத்தான் இத்தனை நேரம் சுற்றினேன்.

ஒவ்வொரு ஆகஸ்டிலும் காவி உடை உடுத்தி, சிறிய தேரை இழுத்துக்கொண்டு, பட்டினப்பாக்கத்திலிருந்து ஒரு கூட்டம் வேளாங்கண்ணிக்கு நடந்து போகும். அதற்கு ஒரு வாரம் முன்பு அவர் என் வாசலுக்கு வருவார்.

“சார், இந்த வருசமாவது?”

“மனு இருக்கு. பாக்கலாம்.”

விடிகாலையில் அவரும் அந்தக் கூட்டத்தோடு புறப்படுவார். பாட்டுப் பாடிக்கொண்டே திருவான்மியூர் பஸ் ஸ்டாண்டு வரை போவார். அங்கே தன் கையிலிருக்கும் மெழுகுவத்தியை யாராவது ஒருவரிடம் கொடுத்துவிட்டு, பஸ் ஏறித் திரும்பி, சட்டை மாற்றிக்கொண்டு, பத்தரைக்குக் கையெழுத்துப் போடுவார். வருஷா வருஷம் நேர்த்திக்கடனின் முதல் இரண்டு மணி நேரத்தை மட்டும் அவர் நடந்து முடித்தார்.

மனு உண்மையில் இருந்ததா? இருந்தது. முதல் வருஷத்திலேயே ஒரு பக்கத்தில் எழுதிக் கொடுத்திருந்தேன். அது எடுத்துக்கொள்ளப்பட்ட அன்று எனக்கு வேறு கோர்ட்டில் பெரிய வழக்கு. ஜூனியரை அனுப்பினேன். அடுத்த வாரம் ஜூனியர் வேறு அலுவலகத்துக்குப் போய்விட்டார். மனு என்ன ஆயிற்று என்று நான் அவரிடமும் கேட்கவில்லை, குமாஸ்தாவிடமும் கேட்கவில்லை. கேட்க ஒரு நிமிஷம் ஆகியிருக்காது. என்னிடம் அதைவிடப் பெரிய கட்சிக்காரர்கள் இருந்தார்கள்.

ஆறாவது வருஷத்தில் வழக்கு இறுதி வாதத்துக்கு வந்தது. வழக்குக் கட்டைப் பிரித்தேன். பிரேதப் பரிசோதனை அறிக்கையின் இரண்டு தாள்களுக்கு நடுவே ஓர் உத்தரவு மடித்து வைக்கப்பட்டிருந்தது. மனு அனுமதிக்கப்பட்டிருந்தது. கையெழுத்து வேண்டாம், ஊரை விட்டுப் போகலாம், கோர்ட்டு கூப்பிடும்போது வந்தால் போதும். தேதியைப் பார்த்தேன். அவர் ஜாமீனில் வந்த நான்காம் மாதம். நகலைக் காவல் நிலையத்தில் சேர்க்க வேண்டியது எங்கள் வேலை. சேர்க்கவில்லை. அதனால் அவர் நீட்டிய கையில் அவர்களும் பேனாவைக் கொடுத்துக்கொண்டே இருந்தார்கள்.

மூன்று முறை படித்தேன். ஒரு டம்ளர் தண்ணீர் குடித்தேன். உத்தரவை எடுத்த இடத்திலேயே வைத்துக் கட்டை இறுக்கிக் கட்டினேன்.

இன்னும் இரண்டு மாதத்தில் வழக்கே முடிந்துவிடும், விடுதலையானால் நிபந்தனையும் தானாகப் போய்விடும், இப்போது சொல்லி என்ன ஆகப்போகிறது என்று எனக்கு நானே வாதாடினேன். நன்றாக வாதாடக் கூடியவன் நான். அந்த ஆகஸ்டில் அவர் வழக்கம்போல வந்து நின்றார்.

“சார், இந்த வருசமாவது?”

உத்தரவு எனக்குப் பின்னால் அலமாரியில் இருந்தது. கையை நீட்டினால் எட்டும். நான் சொன்னேன்: “பாக்கலாம்.”

அவர் திருவான்மியூர் வரை போய்த் திரும்பினார்.

நவம்பரில் மழை. காவல் நிலையத்துப் படியில் ஏறும்போது வழுக்கி விழுந்தார். வலது முழங்கால் சில்லு உடைந்தது. மாவுக்கட்டோடு ஆட்டோவில் வந்து கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். கட்டைப் பிரித்த பிறகு கால் சரியாக மடங்கவில்லை. ஊரடங்கில் போலீஸ்காரர் வழிவிட்ட கதையைச் சொன்னேனே, அதில் ஒன்றை விட்டுவிட்டேன். அவர் கம்பு ஊன்றி நொண்டிக்கொண்டு போனார். தேவையே இல்லாத ஒரு கையெழுத்துக்காக, தேவையில்லை என்று எனக்குத் தெரிந்த பிறகு.

இரண்டு மாதம் என்று நான் போட்ட கணக்கு ஏறத்தாழ மூன்று வருஷமாயிற்று. நீதிபதி மாறினார், பிறகு கொரோனா, பிறகு இன்னொரு நீதிபதி. கடைசியில் பத்தரை விடுதலையானார். சண்டையை விலக்கத்தான் துடுப்பைப் பிடுங்கிக்கொண்டு வந்தார் என்று ஸ்டெல்லா கூண்டில் ஏறிச் சொல்லியிருந்த சாட்சியத்தைக் கோர்ட்டு ஏற்றுக்கொண்டது.

நாலு நாள் கழித்து, கையெழுத்துச் சட்டையோடு என் வாசலில் வந்து நின்றார். கையில் ஒரு பை. திறந்து காட்டினார். கை நீளத்துக்கு ஒரு வஞ்சிரம்.

“உங்க ஊட்ல சாப்பிட மாட்டீங்கன்னு தெரியும் சார். பாக்கறதுக்குத்தான் கொண்டாந்தேன். பசங்க போட்டுல தூக்கி ஒக்கார வச்சி இட்டுக்கினு போனானுங்க. லைட்ஹவுஸ் மறைஞ்சப்புறம் புடிச்சது.”

என்னால் அந்த மீனைப் பார்க்க முடியவில்லை. உள்ளே போனேன். உத்தரவை எடுத்து வந்து, தேதியோடு படித்து, தமிழில் சொன்னேன். எப்போது கண்டெடுத்தேன் என்பதையும் சொன்னேன்.

அவர் காகிதத்தை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“அப்போ அந்த ஆகஸ்டு நான் வந்தனே. நல்ல கால்ல வந்தனே.”

“ஆமாம்.”

“தெரிஞ்சிக்கினேதான் பாக்கலாம்னீங்களா?”

“ஆமாம்.”

பையை மூடினார். கம்பை எடுத்துக்கொண்டு படியிறங்கிப் போனார். கதவுக்குப் பின்னாலிருந்து என் மனைவி வந்தாள். “இப்பவாவது சொன்னேளே” என்றாள்.

ஒரு மாதம் எனக்குத் தூக்கமில்லை. பிறகு ஒரு நாள் நானே பட்டினப்பாக்கம் போனேன். அவரைப் பார்க்க வேறு எந்த நேரமும் எனக்குத் தோன்றவில்லை, பத்தரைக்குப் போனேன். வீட்டு வாசலில் மீன் பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு, காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் ஸ்டெல்லா கருவாடு காயவைத்துக்கொண்டிருந்தாள். ஒன்பது வருஷத்துப் பேச்சை எல்லாம் சேர்த்துவைத்து இப்போது பேசிக்கொண்டிருந்தார்கள். என்னைக் கண்டதும் நிறுத்தினார்கள்.

“மன்னிப்புக் கேட்க வந்தேன்” என்றேன்.

“மன்னிப்புன்னா வெடுதலை. அது ட்ரயல் முடிஞ்சப்புறம். இப்போ பெயிலு மனுதான் போடலாம். கேசு இன்னா?”

“தெரிஞ்சும் சொல்லாம இருந்தது.”

“சீரியஸ் கேசு. ஓடிப் பூடுவீங்களா?”

“எழுபத்து நாலு வயசு. எங்கே ஓடறது?”

“படகு கீதா?”

“இல்லை.”

“சாட்சியைக் கலைப்பீங்களா?”

“சாட்சி யாரு?”

மடங்காத முழங்காலைத் தட்டிக் காட்டினார். “இதான். இத்த இனிமே ஆரும் கலைக்க முடியாது. ஏற்கெனவே கலைஞ்சிகீது.”

ஸ்டெல்லா இடுப்பில் கைவைத்து எழுந்தாள். “குடுக்காத அண்ணே! வெளிய வுட்டா இன்னொருத்தர் கட்டுலயும் ஆர்டரை ஒளிச்சி வைப்பாரு!”

அரசுத் தரப்பு ஆட்சேபத்தை அவர் கவனமாகக் கேட்டார். “மொதோ மனு டிஸ்மிஸ். கெளம்புங்க சார்.”

சிரிக்கவில்லை. விளையாட்டில்லை என்று எனக்குப் புரிந்தது. திரும்பினேன். பின்னாலிருந்து குரல் வந்தது: “சூழ்நிலை மாறினா ரெண்டாவது போடலாம்.”

எந்தச் சூழ்நிலையை நான் மாற்றுவது? உடைந்த காலை ஒட்டவைக்க முடியாது. போன ஆகஸ்டைத் திரும்பக் கொண்டுவர முடியாது. அந்த வருஷம் காவிக் கூட்டம் புறப்பட்டபோது, யாரிடமும் சொல்லாமல் நானும் கடைசியில் சேர்ந்துகொண்டேன். என் கையிலும் ஒரு மெழுகுவத்தியைக் கொடுத்தார்கள். திருவான்மியூர் பஸ் ஸ்டாண்டில் நின்றேன். அவர் நின்ற இடம். தாண்டி நடந்தேன். நீலாங்கரையில் கால் இரண்டும் கையை விரித்துவிட்டன. ஒரு கடையின் படியில் உட்கார்ந்தேன். தலைக்கு மேலே கடையின் பெயர்ப்பலகை. கடைசி வரியில் ‘சென்னை’ என்று இருந்தது. நான் வாயால் போட்ட எல்லைக்கு அப்பாலும் ஊர் போய்க்கொண்டே இருந்தது. என் மனைவி ஆட்டோவில் வந்து அழைத்துப் போனாள்.

மறுநாள் பத்தரைக்குப் போய்ச் சொன்னேன்.

“எதுவரிக்கும் போனீங்க?”

“நீலாங்கரை.”

“அம்மா ஊடு ரொம்ப தூரம் சார்.”

“தெரியும். உங்களைக் கார்ல கூட்டிண்டு போறேன்.”

“கார்ல வரேன்னு நேர்ந்துக்கல.” கடலைப் பார்த்தார். வேளாங்கண்ணிக்குப் போகும் கேள்வி அத்தோடு முடிந்தது, இன்று வரை முடிந்ததுதான். பிறகு என் வீங்கிய பாதத்தைப் பார்த்தார். ஸ்டெல்லாவும் பார்த்தாள். அரசுத் தரப்பில் இந்த முறை ஆட்சேபம் எழவில்லை.

“பெயிலு குடுக்கறேன். கண்டிஷன் கீது. தெனமும் பத்தரைக்கு வந்து கையெழுத்து போடணும். சாட்சிய நேராவும் அணுகலாம், மறைமுகமாவும் அணுகலாம், ஆனா கையில தைலத்தோட அணுகணும். மறு உத்தரவு வர்ற வரிக்கும்.”

மேரி உள்ளேயிருந்து ஒரு நீளமான நோட்டுப் புத்தகத்தைக் கொண்டுவந்தாள். அவர் தன் பேனாவைக் கொடுத்தார்.

போய்க்கொண்டிருக்கிறேன். கையெழுத்துப் போடுவேன், தைலம் தேய்ப்பேன், டீ வரும், ஸ்டெல்லா என்னைப் பற்றி என் எதிரிலேயே குறை சொல்லுவாள். தாமதமானால், “ரிப்போர்ட்டு போட்டுருவேன்” என்பார். எனக்கும் இப்போது இதற்கென்று ஒரு வெள்ளைச் சட்டை இருக்கிறது. போன வாரம் நான் மூச்சு வாங்கிக்கொண்டு வந்ததைப் பார்த்து ஸ்டெல்லாவே இரங்கிவிட்டாள்.

“வயசானவரு அண்ணே. கண்டிஷனைத் தளர்த்தி வுடேன்.”

“மனு போடட்டும். பாக்கலாம்.”

ஒரு பக்க மனு. எழுத ஐந்து நிமிஷம் ஆகாது. நான் இன்னும் போடவில்லை. போடுவதாகவும் இல்லை.